சிரிக்க வைத்தே படிக்கச் சொன்னவர்: கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன்

தமிழ்த் திரையுலகின் முதல் பெரிய நகைச்சுவை நடிகர் தொடக்கப்பள்ளியைக்கூட முழுதாக முடிக்கவில்லை. நான்காம் வகுப்போடு படிப்பு நின்றுபோனது. ஆனால், அவர் மேடையிலும் திரையிலும் சொன்ன கதைகளில் மக்கள் மனத்தில் அதிகம் நின்றது, பள்ளிக்கூடம் போகவேண்டும் என்று ஏங்கிய ஓர் ஏழைச் சிறுவனின் கதைதான். அந்த நடிகர் கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன்.

நம் வயதில் பலருக்கு இது பாடப்புத்தகத்தில் எப்போதோ கடந்துபோன ஒரு பெயர். நெகிரி செம்பிலான் தோட்டப்புறத்தில் வளர்ந்த எனக்கு அவரை அறிமுகப்படுத்தியவர் என் பாட்டி. ரந்தாவ் பக்கத்தில் ஒரு தோட்டத்தில் பால்மரம் சீவியவர். அவருடைய சின்ன வயதில் தோட்டத் திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டுவார்களாம். பாயும் சாக்கும் தூக்கிக்கொண்டு லயமே அங்கே போய் உட்காருமாம். பார்த்த படங்களில் பாதிக்குக் கதாநாயகன் யார் என்று பாட்டிக்கு நினைவில்லை. கிருஷ்ணனும் மதுரமும் வந்தார்களா என்பது மட்டும் நினைவிருக்கிறது. பல்கலைக்கழகத்தில் சேர்ந்த பிறகு அந்தப் படங்களைக் கைப்பேசியில் தேடிப் பார்த்தேன், அவர் வாழ்க்கையையும் படித்தேன். சிரிப்பை இவ்வளவு பொறுப்போடு கையாண்ட ஒருவரை நான் வேறெங்கும் கண்டதில்லை. அதனால்தான் இதை எழுதுகிறேன்.

ஒழுகினசேரிச் சிறுவன்

நாகர்கோவிலை ஒட்டிய ஒழுகினசேரியில் 1908 நவம்பர் 29ஆம் நாள் கிருஷ்ணன் பிறந்தார். இன்று கன்னியாகுமரி மாவட்டத்தில் உள்ள அந்த ஊர் அப்போது திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் இருந்தது. தந்தை சுடலைமுத்து, தாய் இசக்கியம்மாள். ஏழைக் குடும்பம். பள்ளிக்கூடத்தை விட்டுச் சிறுவயதிலேயே வேலைக்குப் போகவேண்டி வந்தது. நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்கும் வேலையும் அதில் ஒன்று. விற்கப் போன பையனின் கண் மேடையில் இருந்தது.

அந்தப் பகுதிக்கே உரிய கலை வில்லுப்பாட்டு. பெரிய வில்லில் மணிகளைக் கட்டி, கோலால் தட்டி, குடமும் உடுக்கையும் சேர்ந்து ஒலிக்கக் கதை சொல்வார்கள். முதன்மைப் பாடகர் ஒரு வரி சொன்னால் பக்கத்தில் இருப்பவர் ஆமாம் போடுவார், குறுக்குக் கேள்வியும் கேட்பார். கிருஷ்ணனின் கலைவாழ்க்கை வில்லுப்பாட்டில்தான் தொடங்கியது. பிற்காலத்தில் திரையில் அவர் செய்த நகைச்சுவையிலும் இந்த அமைப்பைப் பார்க்கலாம். ஒருவர் சொல்ல, மற்றவர் மடக்க, கேட்பவர் சிரித்துக்கொண்டே யோசிக்கத் தொடங்குவார்.

அடுத்து அவர் போய்ச் சேர்ந்த இடம் டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் குழு. சிறுவர்களைச் சேர்த்துப் பாட்டும் வசனமும் பயிற்றுவித்து ஊர் ஊராகப் போய் நாடகம் போட்ட குழுக்களை அந்நாளில் பாய்ஸ் கம்பெனி என்பார்கள். விடியற்காலையில் எழுந்து பாடவேண்டும். எந்த வேடத்துக்கு ஆள் இல்லையோ அந்த வேடத்தைப் போடவேண்டும். நான்காம் வகுப்போடு நின்ற கிருஷ்ணனுக்கு அதுவே இடைநிலைப்பள்ளியாகவும் கல்லூரியாகவும் அமைந்தது.

தோட்டத்துக் கதையோடு திரைக்கு

தமிழ்ப் படம் பேசத் தொடங்கியது 1931இல். நான்கு ஆண்டுகள் கழித்து, டி.கே.எஸ். குழுவின் ‘மேனகா’ நாடகம் படமானபோது கிருஷ்ணனும் திரைக்கு வந்தார். மறு ஆண்டு, 1936இல், எல்லிஸ் ஆர். டங்கன் என்ற அமெரிக்கர் இயக்கிய ‘சதி லீலாவதி’ வெளிவந்தது. எஸ்.எஸ். வாசன் எழுதிய கதை அது. எம்.ஜி.ஆருக்கும் டி.எஸ். பாலையாவுக்கும் அதுதான் முதல் படம்.

தோட்டப்புறத்துப் பிள்ளைகளான நமக்கு அந்தக் கதை நெருக்கமானது. குடிப்பழக்கத்தால் கெட்டுப்போன ஒருவன், கொலை செய்துவிட்டோம் என்று பயந்து இலங்கைக்கு ஓடிப்போய்த் தேயிலைத் தோட்டத்தில் கூலியாக வேலை செய்கிறான். கடல் கடந்துபோன தமிழனின் தோட்ட வாழ்க்கை தமிழ்த் திரையில் அவ்வளவு தொடக்கத்திலேயே இடம்பெற்றுவிட்டது. அந்நாளில் மலாயாத் தோட்டங்களில் கள்ளுக்கடையும் தோட்டத்துக்குள்ளேயே இருந்தது. காலையில் பால்மரம் சீவிச் சம்பாதித்த காசு மாலையில் அங்கே போய்விடும். குடியின் கேட்டை இங்கே யாருக்கும் விளக்கிச் சொல்லத் தேவை இருந்திருக்காது. அந்தக் கேட்டைத் தம் கடைசிக் காலம் வரை கிண்டல் செய்துகொண்டே இருந்தார் கிருஷ்ணன்.

கூடவே நின்ற மதுரம்

அதே ஆண்டு ‘வசந்தசேனா’ படப்பிடிப்புக்காகக் குழுவினர் புனே போனார்கள். அங்கேதான் டி.ஏ. மதுரத்தைக் கிருஷ்ணன் சந்தித்தார். இருவருக்கும் திருமணமும் நடந்தது. கிருஷ்ணன் ஏற்கெனவே மணமானவர். அதை மதுரத்திடம் அவர் முதலில் சொல்லவில்லை. பெரியவர்களின் வாழ்க்கையைப் படிக்கும்போது இப்படிப்பட்ட பக்கங்களை மடித்து வைத்துவிடக்கூடாது. பெண்ணுரிமை பற்றித் திரையில் பேசியவர் தம் வீட்டில் ஒரு பெண்ணிடம் உண்மையை மறைத்தார் என்பதும் அவர் வரலாற்றில் உள்ளதுதான்.

ஆனாலும், திரையில் மதுரம் அவருக்குப் பின்னால் நின்றவர் இல்லை, சரிக்குச் சரியாக நின்றவர். கிருஷ்ணன் ஏதாவது பெருமையடித்தால் மதுரம் ஒரே கேள்வியில் அவரைத் தரையில் இறக்கிவிடுவார். பல காட்சிகளில் விவாதத்தில் வெல்பவர் மதுரம்தான். கணவனும் மனைவியும் சமமாக வாதாடுவதை அந்தக் காலத்துத் தோட்டத்துப் பெண்கள் திடலில் உட்கார்ந்து பார்த்திருக்கிறார்கள். பாட்டி இன்றும் மதுரத்தைத்தான் முதலில் சொல்கிறார். அதற்குக் காரணம் இப்போது எனக்குப் புரிகிறது.

ஒரு படத்துக்குள் இன்னொரு படம்

1930, 40களின் படங்களில் பெரும்பாலானவை புராணக் கதைகளும் ராஜா ராணிக் கதைகளும். அவற்றில் நகைச்சுவைப் பகுதியைப் பெரும்பாலும் கிருஷ்ணனே யோசித்து, எழுதி, தம் குழுவினரை வைத்து எடுத்துக் கொடுப்பார். முதன்மைக் கதை ஒரு பக்கம் ஓட, கிருஷ்ணனின் கதை இன்னொரு பக்கம் தனியாக ஓடும். கதாநாயகன் ஆயிரம் ஆண்டுக்கு முந்திய அரண்மனையில் பாடிக்கொண்டிருப்பான். கிருஷ்ணனோ இன்றைய தெருவில் நின்று மூடநம்பிக்கையைப் பற்றியும் சாதியைப் பற்றியும் பேசிக்கொண்டிருப்பார். இப்படி நூற்றுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்தார்.

அவருடைய புகழ் உச்சத்தில் இருந்தபோது 1944 தீபாவளிக்கு ‘ஹரிதாஸ்’ வந்தது. எம்.கே. தியாகராஜ பாகவதர் நாயகன். சென்னை பிராட்வே திரையரங்கில் அந்தப் படம் மூன்று தீபாவளிகளைக் கண்டது. அந்தத் தீபாவளியில் நம் மண் ஜப்பானியர் பிடியில் இருந்தது. இந்தியாவிலிருந்து கப்பல் வரவில்லை. தோட்டத்துத் தமிழர்களில் பல்லாயிரம் பேர் சயாம் மரண ரயில் பாதைக்குக் கொண்டுபோகப்பட்டிருந்தார்கள். இங்கே புதுப் படம் பார்க்க வழியே இல்லை. கடலுக்கு அந்தப் பக்கம் அந்தப் படத்தின் நாயகனுக்கும் நகைச்சுவை நடிகருக்கும் சில வாரங்களில் என்ன நடந்தது என்பதும் இங்கே உள்ளவர்களுக்குத் தெரிந்திருக்காது.

சிறைக்குப் போன சிரிப்பு

நடிகர் நடிகையரின் சொந்த வாழ்க்கையைப் பற்றி எழுதிப் பத்திரிகை நடத்தியவர் லட்சுமிகாந்தன். ‘இந்து நேசன்’ அவருடைய பத்திரிகை. 1944 நவம்பர் 8ஆம் நாள் சென்னை வேப்பேரியில் அவர் கத்தியால் குத்தப்பட்டார். மறுநாள் மருத்துவமனையில் இறந்தார். கொலைச்சதியில் பங்குண்டு என்று பாகவதர், கிருஷ்ணன், இயக்குநர் ஸ்ரீராமுலு நாயுடு ஆகியோரும் வேறு சிலரும் கைது செய்யப்பட்டார்கள்.

1945இல் நடுவர் குழுவின் முன் விசாரணை நடந்தது. ஸ்ரீராமுலு நாயுடு விடுவிக்கப்பட்டார். பாகவதருக்கும் கிருஷ்ணனுக்கும் ஆயுள் தண்டனை. சென்னை உயர் நீதிமன்றம் மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்தது. மிஞ்சியிருந்த ஒரே வழி லண்டனில் இருந்த பிரிவி கவுன்சில். பிரிட்டிஷ் ஆட்சிக்குட்பட்ட நாடுகளின் இறுதி மேல்முறையீடு அங்கேதான் போகும். சட்டம் படிக்கும் நண்பர்களுக்குத் தெரியும், நம் நாட்டு வழக்குகளுக்கும் அந்த வழி இருந்தது, 1985இல்தான் முழுமையாக மூடப்பட்டது. வழக்கை மறுபடியும் விசாரிக்கும்படி பிரிவி கவுன்சில் சொன்னது. வழக்கறிஞர் வி.எல். எத்திராஜ் வாதாடினார். 1947 ஏப்ரலில் இருவரும் குற்றமற்றவர்கள் என்று உயர் நீதிமன்றம் விடுதலை செய்தது.

இரண்டு ஆண்டுகளுக்கும் மேலாகச் சிறை. அதற்குள் பணம் கரைந்துவிட்டது, திரையுலகமும் மாறிவிட்டது. பாகவதரால் பழைய இடத்துக்குத் திரும்ப முடியவில்லை. கிருஷ்ணனால் முடிந்தது. அதற்கு முக்கியக் காரணம் வெளியே இருந்தவர்கள். மதுரமும் எஸ்.வி. சகஸ்ரநாமமும் கிருஷ்ணன் பெயரிலேயே நாடகக் குழுவை நடத்தி, அவர் பெயர் மங்கிப்போகாமல் பார்த்துக்கொண்டார்கள். அவர்கள் போட்ட ‘பைத்தியக்காரன்’ நாடகம் படமாகிக்கொண்டிருந்தபோது கிருஷ்ணன் விடுதலையானார். அந்தப் படத்திலேயே அவருக்கும் ஒரு வேடம் சேர்த்தார்கள். தமிழ் நாடகத்தின் மூத்தவரான பம்மல் சம்பந்த முதலியார் அதே ஆண்டு அவருக்குக் கலைவாணர் என்ற பட்டத்தை வழங்கினார். இன்று அவரைப் பெயர் சொல்லி அழைப்பதைவிட அந்தப் பட்டத்தால் அழைப்பதே அதிகம்.

தேர்வில் ஒருமுறை தவறினால் எல்லாம் முடிந்தது என்று நினைக்கிறோம். 38 வயதில், கொலைக் குற்றவாளி என்ற பெயரோடு சிறையிலிருந்து வந்த ஒருவர் மறுபடியும் மக்களைச் சிரிக்க வைத்தார். அதுவும் முன்பைவிடக் கூர்மையாக.

கிந்தன் கேட்ட வரம்

விடுதலைக்குப் பிந்திய பத்து ஆண்டுகள்தான் அவர் வாழ்க்கையின் செழிப்பான காலம் என்பது என் கருத்து. 1949இல் அறிஞர் அண்ணா எழுதிய ‘நல்லதம்பி’யில் நடித்தார். பெரும் சொத்துக்கு வாரிசாகும் எளிய கிராமத்து மனிதனின் கதை, ஹாலிவுட்டில் 1936இல் வந்த ஒரு படத்தைத் தழுவியது. மதுவிலக்கையும் ஏழைகள் நலனையும் சிரிப்போடு பேசிய அந்தப் படத்தில்தான் கிந்தனார் கதாகாலட்சேபம் வருகிறது.

நந்தனார் கதை நமக்குத் தெரியும். தாழ்த்தப்பட்ட குலத்தில் பிறந்த பண்ணையாள் நந்தன், சிதம்பரம் போய் இறைவனைக் காண ஏங்குகிறான். கோபாலகிருஷ்ண பாரதியார் கீர்த்தனைகளாகப் பாடிய அந்தக் கதையைப் பாகவதர்கள் காலட்சேபமாகச் சொல்வார்கள். கலைவாணர் அதே வடிவத்தை எடுத்துக்கொண்டார். அதே பாகவதர் தோரணை, பின்பாட்டு, தாளம் எல்லாம் உண்டு. கதையில் மட்டும் நந்தன் இருந்த இடத்தில் கிந்தன் இருக்கிறான். சிதம்பரம் இருந்த இடத்தில் பள்ளிக்கூடம் இருக்கிறது. படிக்கக்கூடாது என்று தடுக்கப்பட்ட கிந்தன் நகரத்துக்குப் போய்ப் படிக்கிறான், கல்வி அதிகாரியாகத் திரும்பி வருகிறான். அவனை ஒதுக்கிய ஊரே அவனை வரவேற்று நிற்கிறது. உடுமலை நாராயணகவி எழுதிய பாடல்கள் அந்தக் கதைக்கு உயிர் கொடுத்தன.

இதை முதன்முதலாகப் பார்த்தபோது எனக்கு நம் தோட்டங்கள்தான் கண்முன் வந்தன. பள்ளி வயதில் பத்துப் பிள்ளைகள் இருந்தால் தோட்டத்தில் பள்ளி வைக்கவேண்டும் என்று வெள்ளைக்காரர் காலத்துத் தொழிலாளர் சட்டம் சொன்னது. பள்ளியும் இருந்தது. ஆனால், பெரும்பாலான பிள்ளைகளுக்கு அந்தப் பள்ளியோடு படிப்பு முடிந்தது. அடுத்த நாள் அப்பா அம்மாவோடு பால்மரக் காட்டுக்குப் போகவேண்டியதுதான். என் பாட்டியும் நான்காம் வகுப்பில் நின்றவர். தங்கை தம்பிகளைப் பார்த்துக்கொள்ள வீட்டில் ஆள் இல்லை. கிந்தன் கதையைத் திடலில் உட்கார்ந்து பார்த்தவர்களில் எத்தனை பேருக்கு அது வேடிக்கைக் கதையாக மட்டும் இருந்திருக்கும்? தம் பிள்ளைகளையாவது படிக்க வைக்கவேண்டும் என்ற எண்ணம் சிலருக்காவது வந்திருக்கும். பாட்டி தம் ஐந்து பிள்ளைகளையும் சிரம்பானுக்குப் பேருந்தில் அனுப்பி இடைநிலைப்பள்ளி முடிக்க வைத்தார். அதற்குக் காரணம் ஒரு படம் என்று நான் சொல்லமாட்டேன். ஆனால், கிந்தன் கதையைச் சொல்லும்போது பாட்டியின் குரல் மாறுவதைக் கவனித்திருக்கிறேன்.

சம்பள நாளும் இருபதாம் தேதியும்

கலைவாணர் இயக்குநராகவும் ஆனார். 1951இல் மு. கருணாநிதியின் வசனத்தில் ‘மணமகள்’ படத்தை இயக்கினார். அதில் பத்மினியை நாயகியாக்கினார். 1952இல் சிவாஜி கணேசன் நடித்த ‘பணம்’ வந்தது. வரதட்சணைப் பேராசையைச் சாடும் கதை. விஸ்வநாதனும் ராமமூர்த்தியும் இரட்டையராக இசையமைத்த முதல் படமும் அதுவே.

1955இல் வந்த ‘முதல் தேதி’யில் மாதச் சம்பளக்காரரின் நிலையை ஒரு பாட்டில் வைத்தார். மாதத்தில் இருபதாம் தேதி வரை கொண்டாட்டமாகப் போகும், இருபது தாண்டியதும் திண்டாட்டம் தொடங்கும் என்பது அதன் கருத்து. சம்பள நாளன்று கடைப்பாக்கியைக் கட்டிவிட்டு, மாதக் கடைசியில் மறுபடியும் கடனுக்கு அரிசி வாங்கிய தோட்டத்துக் குடும்பங்களுக்கு இதைவிட நெருக்கமான பாட்டு இருந்திருக்க முடியாது. 1956இல் ‘ராஜா ராணி’யில் சிரிப்பின் வகைகளையே பாட்டாக்கிச் சிரித்துக் காட்டினார். இன்றும் இணையத்தில் அதிகம் பேர் தேடிப் பார்க்கும் அவருடைய காட்சி அது.

வில்லுப்பாட்டையும் அவர் மறக்கவில்லை. சுப்பு ஆறுமுகம் என்ற இளைஞரைச் சென்னைக்கு அழைத்துவந்து காந்தியின் கதையை வில்லுப்பாட்டாக எழுத வைத்தார். கோயில் திருவிழாவில் ஒலித்த வில், தேசத் தலைவரின் வரலாற்றைச் சொன்னது. சுப்பு ஆறுமுகம் அதையே வாழ்நாள் பணியாக்கிக்கொண்டார்.

1957 தேர்தலில் காஞ்சிபுரத்தில் அண்ணா போட்டியிட்டார். அவரை எதிர்த்து நின்றவர் ஒரு மருத்துவர். பிரசாரத்துக்குப் போன கலைவாணர் மேடையில் அந்த மருத்துவரைப் புகழ்ந்துகொண்டே போனாராம். கூட்டம் குழம்பிப்போனது. கடைசியில், இவ்வளவு நல்ல மருத்துவரைச் சட்டமன்றத்துக்கு அனுப்பிவிட்டால் ஊருக்கு வைத்தியம் பார்ப்பது யார், அதனால் அவரை இங்கேயே வைத்துக்கொண்டு அண்ணாவை அனுப்புங்கள் என்று முடித்தாராம். இன்றுவரை சொல்லப்படும் நிகழ்ச்சி இது. எதிராளியின் மேல் ஒரு சொல்கூட அழுக்காக விழவில்லை.

அதே ஆண்டு ஆகஸ்டு 30ஆம் நாள் கலைவாணர் காலமானார். அப்போது அவருக்கு 48 வயது. கேட்டவருக்கெல்லாம் கொடுத்துக் கொடுத்தே வாழ்ந்தவர். சொந்தச் செலவில் நாகர்கோவிலில் காந்திக்கு நினைவுச்சின்னம் எழுப்பியவர். சென்னை தியாகராய நகரில் அவருடைய சிலையை 1969 ஜனவரி 14ஆம் நாள் முதலமைச்சராக இருந்த அண்ணா திறந்துவைத்தார். நோயோடு வந்து கலந்துகொண்ட அதுதான் அண்ணாவின் கடைசிப் பொதுநிகழ்ச்சி. வாலாஜா சாலையில் உள்ள அரசு அரங்கமும் கலைவாணர் பெயரைத் தாங்கி நிற்கிறது.

யாரைப் பார்த்துச் சிரிக்கிறோம்?

அவரைத் தமிழ்நாட்டின் சார்லி சாப்ளின் என்பார்கள். ஒப்பீடு ஓரளவுக்குப் பொருந்தும். இருவரும் வறுமையில் பிறந்தார்கள், இருவரும் ஏழையின் பக்கம் நின்றார்கள். அவர் படங்களிலும் இன்று பார்த்தால் உறுத்தும் இடங்கள் இருக்கத்தான் செய்கின்றன. ஆனால், அவருடைய சிரிப்பு பெரும்பாலும் ஒரு பழக்கத்தைக் குறிவைத்தது. குடி, வரதட்சணை, சாதித் திமிர், குருட்டு நம்பிக்கை என்று மனிதன் நினைத்தால் விட்டுவிடக்கூடியவற்றையே அவர் கிண்டல் செய்தார்.

இதை நான் சொல்வதற்குக் காரணம் உண்டு. சென்ற ஆண்டு ஒரு மாணவர் கலை நிகழ்ச்சிக்குப் போயிருந்தேன். தோட்டத்திலிருந்து படிக்க வந்த பெண் என்று ஒரு பாத்திரம். முகத்தில் கரி பூசி, எண்ணெய் வழியத் தலைவாரி, ஆங்கிலம் தெரியாமல் திணறுவதுபோல் நடிக்க வைத்தார்கள். அரங்கம் முழுதும் சிரித்தது. என் பக்கத்தில் இருந்த தோழியும் நானும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம். நாங்கள் இருவரும் தோட்டத்திலிருந்துதான் வந்திருந்தோம். நிறத்தையும் பிறந்த இடத்தையும் யாரால் மாற்றிக்கொள்ள முடியும்? அன்று சிரித்தவர்களுக்கு அது ஐந்து நிமிட நகைச்சுவை. முதலாம் ஆண்டில் வகுப்பறையில் வாய் திறந்து பேசத் தயங்கும் ஒரு மாணவிக்கு அந்தச் சிரிப்பு பல மாதங்கள் காதில் ஒலித்துக்கொண்டிருக்கும்.

எழுபத்தைந்து ஆண்டுகளுக்கு முன்பே கலைவாணர் அதே பாத்திரத்தை எடுத்தார். ஊர் ஒதுக்கிய, படிக்க ஆசைப்பட்ட ஓர் ஏழைப் பிள்ளை. அவர் கதையில் சிரிப்புக்கு ஆளானது அந்தப் பிள்ளையைத் தடுத்தவர்கள். பிள்ளையோ அதிகாரியாகி ஊர் திரும்பியது.

நண்பர்களே, பள்ளியிலும் பல்கலைக்கழகத்திலும் தமிழ்மொழிக் கழக நிகழ்ச்சிகளுக்கு நாம்தான் நாடகம் எழுதுகிறோம். அடுத்த முறை எழுத உட்காரும்போது, இந்தக் காட்சியில் சிரிக்கப்படுபவர் அரங்கத்தில் உட்கார்ந்திருந்தால் அவரும் சேர்ந்து சிரிப்பாரா என்று ஒரு முறை கேட்டுப் பாருங்கள். நேரம் கிடைத்தால் ‘நல்லதம்பி’யைத் தேடிப் பாருங்கள். வீட்டில் தாத்தா பாட்டி இருந்தால் அவர்களையும் பக்கத்தில் உட்கார வைத்துக்கொள்ளுங்கள். கிந்தன் வரும்போது படத்தைக் கொஞ்சம் நிறுத்தி, அவர்கள் எந்த வகுப்புவரை படித்தார்கள் என்று கேளுங்கள். நமக்கு முன்னால் நின்றுபோன படிப்புகளின் கதை அங்கே கிடைக்கும்.